சக்திப் பானமா, கோப்பியா, தேநீரா: கொழும்பில் விழித்திருக்க வேண்டியவர்களுக்கான கஃபீன் கணக்கு

250 மில்லிலீற்றர் ரெட் புல் டின் ஒன்றில் 80 மில்லிகிராம் கஃபீன் இருக்கிறது. வீட்டில் உடனடிக் கோப்பித் தூளைக் கொஞ்சம் தாராளமாகப் போட்டுக் கலக்கும் ஒரு கோப்பையிலும் ஏறத்தாழ அவ்வளவு இருக்கும். நன்றாகச் சாயம் இறங்கிய தேநீரை இரண்டு கோப்பை குடித்தாலும் அதே அளவு உடலுக்குள் போய்விடும். ஆகவே டின் என்றாலே நஞ்சு என்று பிள்ளைகளை மிரட்டுகிறவரும், தேநீரிலும் இருப்பதுதானே என்று சொல்லிப் பெரிய டின்னை இரவு ஒன்பது மணிக்குத் திறக்கிறவரும் ஒரே பிழையைச் செய்கிறார்கள். இருவரும் ஒரு பானத்தை மட்டும் தனியே எடுத்து வைத்துப் பார்க்கிறார்கள். கொழும்பில் சக்திப் பானம் வாங்குகிறவர் அநேகமாக ஏற்கெனவே கஃபீன் குடித்துவிட்டே கடைக்கு வருகிறார். விடியற்காலையில் வீட்டில் ஒரு பால் தேநீர், பத்து மணிக்கு வேலைத்தலத்தில் ஒரு பிளேன்டீ, நாலரை மணிக்குக் கடையில் வடையோடு இன்னொன்று என்று அன்றைய கணக்கு காலையிலேயே தொடங்கிவிடுகிறது. டின் அந்தக் கணக்கின் மேல் வந்து சேரும் தொகை. அதை வாங்குவதா, அதற்குப் பதிலாகக் கோப்பியோ தேநீரோ குடிப்பதா, எதையும் குடிக்காமல் இருபது நிமிடம் கண்ணயர்வதா என்ற தீர்மானத்தை அந்த மொத்தத் தொகையும், குடிக்கும் மணியும், குடிப்பவரின் உடல் எடையும் சேர்ந்தே முடிவு செய்ய வேண்டும்.

இந்தத் தீர்மானம் இந்நகரத்தில் ஒவ்வொரு இரவும் பல்லாயிரம் பேர் எடுக்கும் ஒன்று. வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் உயர்தரப் பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளைகள், வெளிநாட்டு நேரத்துக்கு வேலை செய்யும் கணினி நிறுவன ஊழியர்கள், வைத்தியசாலைகளில் இரவுக் கடமை பார்க்கும் தாதியர், புறக்கோட்டையில் லொறியிலிருந்து மூட்டை இறக்குவோர், மோட்டார் சைக்கிளில் உணவு கொண்டு ஓடும் இளைஞர்கள், யாழ்ப்பாணத்துக்கு இரவோடு இரவாக வேன் ஓட்டுகிறவர்கள் என எல்லோருக்கும் விழிப்பு வேண்டும். ஆனால் எல்லோருக்கும் ஒரே விடை பொருந்தாது.

எவ்வளவு வரை பாதுகாப்பு?

ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு அதிகாரசபை 2015இல் வெளியிட்ட மதிப்பீடு இன்றும் பலரும் ஆதாரமாகக் கொள்ளும் ஒன்று. நலமாக உள்ள வளர்ந்தவர் ஒருவர் ஒரே தடவையில் 200 மில்லிகிராம் வரையும், ஒரு நாள் முழுவதற்குமாக 400 மில்லிகிராம் வரையும் கஃபீன் எடுத்தால் கவலைக்கு இடமில்லை என்று அது சொல்கிறது. அமெரிக்காவின் உணவு, மருந்து நிர்வாகமும் வளர்ந்தவருக்கு அதே 400ஐத்தான் குறிப்பிடுகிறது. கர்ப்பிணிகளுக்கும் பாலூட்டும் தாய்மாருக்கும் ஐரோப்பிய மதிப்பீடு நாளொன்றுக்கு 200 என்று பாதியாகக் குறைக்கிறது. சிறுவர்க்கும் பதின்பருவத்தினருக்கும் உடல் எடையின் ஒவ்வொரு கிலோகிராமுக்கும் 3 மில்லிகிராம் என்ற அளவுக்குள் நின்றால் கவலையில்லை என்கிறது. கனடாவின் சுகாதாரத் திணைக்களம் பதின்பருவத்தினருக்கு இன்னும் இறுக்கமாக, கிலோவுக்கு 2.5 என்றே வைத்திருக்கிறது.

இவற்றில் 400 என்ற எண் எல்லோர் வாயிலும் அடிபடுகிறது. அந்த எண் 70 கிலோ எடையுள்ள ஒருவரை மனத்தில் வைத்துச் சொல்லப்பட்டது என்பது அதோடு சேர்ந்து வருவதில்லை. கிலோவுக்கு ஏறத்தாழ 5.7 மில்லிகிராம் என்பதே அதன் அடிப்படை. அந்த வீதத்தில் பார்த்தால் 60 கிலோ எடையுள்ளவருக்கு நாள் எல்லை 340 சொச்சம். 50 கிலோ எடையுள்ள ஒரு பெண்ணுக்கு 285. ஒரே தடவைக்கான 200உம் அப்படியே இறங்கும்: கிலோவுக்கு 3 என்று கொண்டால் 50 கிலோவுக்கு அது 150 மட்டுமே. நம்மிடையே 70 கிலோவுக்கு மிகவும் குறைந்த எடையுள்ளவர்கள் ஏராளம். இணையத்தில் 400 என்று படித்துவிட்டு அதுவரை போகலாம் என்று நம்பும் ஒல்லியான உடல்வாகு கொண்டவர், தமக்குரிய எல்லையை நூறு மில்லிகிராமால் தாண்டிவிட்டு, கை நடுங்குகிறது, நெஞ்சு படபடக்கிறது என்று காரணம் தேடிக்கொண்டிருப்பார். எனவே இந்தக் கட்டுரையில் மற்ற எதை மறந்தாலும், நலமான வளர்ந்தவர் என்றால், உங்கள் எடையை 5.7ஆல் பெருக்கிக் கிடைக்கும் எண்ணை (அது 400ஐத் தாண்டினால் 400ஐயே) நினைவில் வைத்துக்கொள்ளும்படி கேட்டுக்கொள்கிறேன்.

எதில் எவ்வளவு?

சக்திப் பானங்களில் பல, 100 மில்லிலீற்றருக்கு 30 முதல் 32 மில்லிகிராம் என்ற வீதத்தையே கொண்டிருக்கின்றன. சிறிய டின் 80, நடுத்தர 355 மில்லிலீற்றர் டின் ஏறத்தாழ 114, அரை லீற்றர் டின் 150 முதல் 160 என்று கணக்கு போகிறது. உயரமான டின் பார்வைக்குச் சற்றே பெரிதாக இருந்தாலும், உள்ளே இருப்பது சிறிய டின் இரண்டு. டின்னுக்குரிய நியாயமான ஒரு சிறப்பையும் இங்கே சொல்ல வேண்டும்: கஃபீன் எவ்வளவு என்ற எண்ணைப் பெரும்பாலும் தன் உடம்பிலேயே அச்சிட்டுக்கொண்டு வருவது அது ஒன்றுதான். தேநீர்க் கடைக் கண்ணாடிக் குவளையில் அப்படி எந்த எண்ணும் இல்லை. ஆனால் டின்னில் கஃபீன் என்று எழுதிய எண்ணோடு குவாரானா என்ற சொல்லும் இருந்தால், அந்த விதையிலும் கஃபீனே இருக்கிறது என்பதால், மொத்தம் எவ்வளவு என்று குறிப்பிட்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். டோரின், பி வகை விட்டமின்கள் ஆகியவற்றின் பெயர்கள் பெரிய எழுத்தில் இருந்தாலும், விழித்திருக்கச் செய்வது கஃபீன்தான்.

கோப்பியில் வேறுபாடு மிகப் பெரிது. உடனடிக் கோப்பித் தூள் ஒரு தேக்கரண்டிக்கு 60 மில்லிகிராம் அளவில் கொடுக்கும். கொழும்பு 3, 7 பகுதிகளில் உள்ள கோப்பி நிலையங்களில் இயந்திரத்தில் இறக்கும் எஸ்பிரெசோ ஒரு ஷாட் 60 முதல் 75 வரை. இரண்டு ஷாட் ஊற்றிய கப்புச்சினோவோ லாட்டேயோ 120ஐத் தாண்டும், பால் அதிகம் என்பதால் அது மென்மையான பானம் என்று தோன்றினாலும். வீட்டில் கோப்பிக் கொட்டையை வறுத்து, மல்லியும் இஞ்சியும் சேர்த்து இடித்து ஊற்றும் கோப்பியில் அளவு சொல்வது கடினம். அந்தக் கொட்டை ரொபஸ்டாவா அராபிக்காவா என்பதிலேயே கஃபீன் கிட்டத்தட்ட இரண்டு மடங்கு வேறுபடும், ரொபஸ்டாவில்தான் கூடுதல். அப்படிப்பட்ட கோப்பியை 80 என்று எண்ணிக்கொள்வது பாதுகாப்பான கணிப்பு.

தேநீரை நாம் மிகக் குறைவாக மதிப்பிடுகிறோம். 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் பயிரிட்ட நாளிலிருந்து இந்நாட்டின் பொருளாதாரத்தையே சுமந்துவரும் இந்த இலையின் உலர்ந்த எடையில் ஏறத்தாழ மூன்று நூற்றுவீதம் கஃபீன். இரண்டு கிராம் பொதி ஒன்றில் 60 மில்லிகிராம் இருக்கும், அதில் கோப்பைக்குள் இறங்குவது 30 முதல் 50. கடைகளில் பயன்படும் டஸ்ட் வகை நுண்ணிய தூள் என்பதால் விரைவாகவும் முழுமையாகவும் சாயம் இறங்கும். துணிப்பையில் கொதிநீர் ஊற்றி ஊற்றி எடுத்த கடும் தேநீரை 50 என்று வைத்துக்கொள்ளலாம். நாளுக்கு ஐந்து தேநீர் குடிப்பவர், தாம் கோப்பி குடிப்பதே இல்லை என்று சொல்லிக்கொண்டிருக்கும்போதே 200 மில்லிகிராமைக் கடந்திருப்பார்.

கோலா வகைப் பானம் 330 மில்லிலீற்றருக்கு 32 அளவில் நிற்கிறது. எவரும் கணக்கில் சேர்க்காத ஒன்று வலிநிவாரணி மாத்திரை. பரசிட்டமோலோடு கஃபீனும் சேர்த்த வகைகளில் மாத்திரை ஒன்றுக்கு 65 மில்லிகிராம் இருக்கும், இரண்டு போட்டால் 130. தலைவலிக்காக அதை விழுங்கி, உற்சாகத்துக்காக டின்னையும் குடித்தவர் ஒரு மணி நேரத்துக்குள் 210 எடுத்துவிடுகிறார்.

குடிக்கும் மணி

விழித்திருக்கும் நேரமெல்லாம் மூளையில் அடினோசின் என்னும் பொருள் சேர்ந்துகொண்டே போகிறது. அது தன் ஏற்பிகளில் போய்ப் பற்றும்போதுதான் நமக்குத் தூக்கம் வருகிறது. கஃபீன் அந்த ஏற்பிகளை முந்திக்கொண்டு அடைத்துவிடுகிறது. களைப்பு தீர்வதில்லை, அதன் அறிவிப்பு மட்டும் நம்மை எட்டாமல் நிற்கிறது. குடித்து அரை மணி முதல் ஒரு மணி நேரத்துக்குள் அதன் வேகம் உச்சத்தைத் தொடும். பிறகு பாதி அளவு உடலை விட்டுப் போக, வளர்ந்தவர் பலருக்கு ஏறத்தாழ ஐந்து மணி நேரம் ஆகும். சிலருக்கு இரண்டு மணி நேரத்திலேயே போய்விடும், சிலருக்கு ஒன்பது மணி நேரம் இழுக்கும். ஈரலில் அதை உடைக்கும் நொதியின் வேகம் ஆளுக்கு ஆள் வேறுபடுவதே காரணம். புகைபிடிப்பவருக்கு விரைவாகக் கரையும் (அவர் புகைப்பதை விட்ட வாரத்தில், வழக்கமான அதே கோப்பி திடீரென்று கூடுதலாகப் பிடிப்பதும் இதனால்தான்). கருத்தடை மாத்திரை எடுப்பவருக்கு ஏறத்தாழ இரண்டு மடங்கு நேரம் தங்கும். கர்ப்பத்தின் கடைசி மாதங்களில் பாதி கழிய பதினைந்து மணி நேரம் வரை ஆகலாம்.

இனி இரவு ஒன்பது மணிக்குத் திறந்த அரை லீற்றர் டின்னைக் கணக்குப் பார்க்கலாம். 160 மில்லிகிராமில் 80 அதிகாலை இரண்டு மணிக்கும் இரத்தத்தில் சுற்றிக்கொண்டிருக்கும். அதாவது இரண்டு மணிக்கு எழும்பி ஒரு சிறிய டின்னைக் குடித்துவிட்டுப் படுக்கைக்குப் போவதற்கு அது சமம். காலை ஏழு மணிக்கு, ஒரு தேநீருக்குரிய 40 இன்னும் மிச்சம் இருக்கும். 2013இல் வெளிவந்த அமெரிக்க ஆய்வொன்றில், படுக்கைக்கு ஆறு மணி நேரம் முன்பு எடுத்த 400 மில்லிகிராம் கஃபீன்கூட உறக்கத்தில் ஒரு மணி நேரத்துக்கு மேல் குறைத்தது. படுக்கை நேரத்துக்கு அண்மையில் எடுக்கும் 100 மில்லிகிராமே சிலரின் உறக்கத்தைப் பாதிக்கலாம் என்று ஐரோப்பிய மதிப்பீடும் சொல்கிறது. நாள் எல்லைக்குள் நின்றாலும் மணி பிழைத்தால் தீங்கு உண்டு என்பதற்கு இதைவிடத் தெளிவான காட்டு வேண்டியதில்லை.

படிக்கும் பிள்ளைக்கு

எனக்கு மிகவும் கவலை தருவது உயர்தரப் பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளைகளின் நிலைமைதான். பாடசாலை முடிந்து பம்பலப்பிட்டியில் ஒரு வகுப்பு, அது முடிந்து இன்னொரு வகுப்பு, வீட்டுக்கு வந்து சாப்பிட்டதும் புத்தகம் என்று நாள் நீளும்போது டின் ஒரு துணை போலத் தோன்றுகிறது. 50 கிலோ எடையுள்ள பதினேழு வயதுப் பிள்ளைக்கு ஐரோப்பிய வீதத்தில் 150, கனடிய வீதத்தில் 125. காலையிலும் மாலையிலும் குடித்த இரண்டு தேநீருக்கு 80 முன்பே போய்விட்டது. மிச்சம் 45 முதல் 70. மிகச் சிறிய டின்கூட அந்த மிச்சத்துக்குள் அடங்காது; அரை லீற்றர் டின் தனியாகவே முழு நாளின் எல்லையை எட்டுகிறது அல்லது தாண்டுகிறது. 40 கிலோ எடையுள்ள பிள்ளை என்றால் கணக்கு இன்னும் மோசம்.

அமெரிக்கக் குழந்தை மருத்துவக் கழகம் 2011இலேயே, ஊக்கிகள் கலந்த சக்திப் பானங்களுக்குச் சிறுவர், பதின்பருவத்தினர் உணவில் இடமே இல்லை என்று அறிவித்தது. லித்துவேனியா 2014இலும், லத்வியா 2016இலும், போலந்து 2024இலும் பதினெட்டு வயதுக்கு உட்பட்டவர்களுக்கு இவற்றை விற்பதைத் தடுத்தன. வீட்டில் இந்தத் தீர்மானத்தை எடுப்பதற்குச் சட்டம் வரும்வரை பெற்றோர் காத்திருக்க வேண்டியதில்லை. பதினெட்டுக்கு உட்பட்ட பிள்ளைக்கு டின் வேண்டாம் என்பதே என் உறுதியான கருத்து.

ஆனால் வேண்டாம் என்று மட்டும் சொல்லிவிட்டு, இரவு ஒரு மணி வரை படிக்கும்படி பிள்ளையிடம் எதிர்பார்ப்பது முறையல்ல. படித்தது நினைவில் பதிவது பெருமளவுக்கு உறக்கத்தில்தான் நடக்கிறது. நள்ளிரவுக்குப் பின்னான இரண்டு மணி நேரத்தை டின்னால் வாங்கி, அன்று மாலை முழுவதும் படித்ததைப் பலவீனப்படுத்துவது நட்டமான பேரம். பத்தரைக்குப் படுத்து நாலரைக்கு எழும்பி, அப்போது ஒரு பால் தேநீர் குடித்துவிட்டு உட்காரும் பிள்ளைக்குக் கஃபீன் உதவி செய்யும் மணியில் உதவி செய்கிறது, கெடுக்கும் மணியில் ஒதுங்கி நிற்கிறது. மாலை ஐந்துக்குப் பிறகு சூடாக ஏதேனும் வேண்டும் என்றால் வில்வப்பூப் பானமோ மல்லித் தண்ணீரோ ஊற்றிக் கொடுக்கலாம், இரண்டிலும் கஃபீன் இல்லை. கொக்கோ சேர்ந்த மோல்ட் பானத்தில் மிகச் சிறிதளவே உண்டு.

இரவு வேலைக்காரருக்கும் ஓட்டுநருக்கும்

இரவுக் கடமை பார்ப்பவருக்கு விடை வேறு. அவருக்குக் கஃபீன் தேவைப்படுகிறது. தொழிலின் பாதுகாப்பே விழிப்பில் தங்கியிருக்கும்போது அதைக் குறையாகச் சொல்ல முடியாது. இங்கே ஒப்பீடு, ஒரே நேரத்தில் 160ஐ ஊற்றிக்கொள்வதா, சிறு அளவுகளாகப் பிரிப்பதா என்பதில் வந்து நிற்கிறது. கடமை தொடங்கும்போது ஒரு தேநீர், பதினொன்றரைக்கு ஒன்று, இரண்டு மணிக்கு ஒரு கோப்பி என்று 140 அளவில் பிரித்து எடுப்பவருக்கு விழிப்பு சீராக இருக்கும், நெஞ்சுப் படபடப்பும் குறையும். டின்னை அப்படிப் பிரிப்பது கடினம். திறந்தால் வாயு போய்விடும் என்று முழுவதையும் முடித்துவிடுவோம். தேநீரைப் பாதியில் வைத்துவிட்டு எழும்பலாம். காலை எட்டு மணிக்கு வீட்டில் உறங்க வேண்டியவர் அதிகாலை இரண்டரைக்குப் பின் எதையும் எடுக்காமல் நிறுத்திக்கொள்வது நல்லது. சிறிய டின் ஒன்றைத்தான் விரும்புகிறேன் என்பவர், அதைக் கடமையின் முதல் பாதியில் குடித்து, அன்றைக்கு இரண்டு தேநீரைக் குறைத்தால் கணக்குச் சரியாகிவிடும். பதினொரு மணி வெயிலில் சைக்கிளோடும் மோட்டார் சைக்கிளோடும் அலைகிறவருக்கு உண்மையில் குறைவது நீரும் உப்பும்; அவருக்கு ஒரு செவ்விளநீர், டின்னைவிட நன்மையானது.

வேன் ஓட்டுநரின் விடயத்தில் சற்று நின்று பேச வேண்டும், ஏனெனில் அங்கே பிழைத்தால் பின்னிருக்கையில் உறங்குபவர்களின் உயிரும் சேர்ந்து போகும். கொழும்பிலிருந்து யாழ்ப்பாணம் ஏறத்தாழ 400 கிலோமீற்றர். பகல் முழுவதும் வேறு வேலை பார்த்துவிட்டு இரவில் சுக்கானைப் பிடிப்பவர் பலர். 1990களில் இங்கிலாந்தின் லஃப்பரோ பல்கலைக்கழகத்தில், ஓட்டுநர்களை ஓட்டுப் பாவனை இயந்திரத்தில் இருத்திச் செய்த ஆய்வுகள், கஃபீன் குடித்தவுடன் கால் மணி நேரத்துக்கு உட்பட்ட ஒரு குட்டித் தூக்கம் போடுவது, இரண்டில் ஒன்றை மட்டும் செய்வதைவிடத் தூக்க மயக்கத்தை நன்றாகக் குறைப்பதைக் காட்டின. காரணம் எளிது. கஃபீன் வேலை செய்யத் தொடங்கும் முன் உள்ள இடைவெளியில் அந்தத் தூக்கம் அடினோசினைக் கொஞ்சம் குறைத்துவிடுகிறது. ஆகவே குருநாகலிலோ தம்புள்ளையிலோ கடை வெளிச்சம் உள்ள இடத்தில் வாகனத்தை ஓரங்கட்டி, ஒரு கடும் கோப்பியையோ சிறிய டின்னையோ குடித்துவிட்டு, தொலைபேசியில் இருபது நிமிடத்துக்கு அலாரம் வைத்து இருக்கையைச் சாய்த்துக்கொள்வதுதான் சிறந்த தெரிவு. ஓடிக்கொண்டே டின்னைக் குடிப்பது இரண்டாம் தரம். கண் இமை தானாக மூடத் தொடங்கிய பின் டின்னை நம்பி ஓட்டுவது எந்தத் தரத்திலும் சேராது. அந்நேரத்தில் மற்றொருவரிடம் சுக்கானைக் கொடுக்க வேண்டும், அல்லது விடியும்வரை நிற்க வேண்டும்.

சீனியும் நிறக் குறியும்

சக்திப் பானங்களில் பலவற்றில் 100 மில்லிலீற்றருக்கு 11 கிராம் சீனி. சிறிய டின்னில் 27 கிராமுக்கு மேல், அரை லீற்றர் டின்னில் 55 கிராம். தேக்கரண்டிக் கணக்கில் ஏழும் பதினான்கும். உலகச் சுகாதார நிறுவனம் ஒரு நாளுக்கு விரும்பத்தக்கதாகச் சொல்லும் எல்லை 25 கிராம் அளவுதான். நீரிழிவு வீட்டுக்கு வீடு இருக்கும் நம் நாட்டில், கஃபீனைவிட இந்தச் சீனியே நீண்ட காலத்தில் கூடுதல் தீங்கு செய்யும் என்று நினைக்கிறேன். ஆனால் தேநீர் இந்த இடத்தில் தானாக வென்றுவிடாது. கடையில் இரண்டு தேக்கரண்டி சீனி போட்டு ஐந்து தேநீர் குடிப்பவர் 40 கிராமை எட்டுகிறார். பிளேன்டீயைச் சீனியின்றி வாங்கி, ஒரு துண்டு கருப்பட்டியைக் கடித்துக்கொண்டு குடிக்கும் பழைய வழக்கம் இதற்கு நல்ல மாற்று. அளவு கையிலேயே தெரியும்.

இலங்கையில் 2016 முதல் இனிப்புப் பானங்களில் சீனிக்கான நிறக் குறி இருக்கிறது: 100 மில்லிலீற்றருக்கு 11 கிராமுக்கு மேல் என்றால் சிவப்பு, 2 முதல் 11 வரை செம்மஞ்சள், 2க்குக் குறைவு என்றால் பச்சை. பயனுள்ள ஏற்பாடு. ஆனால் அது கஃபீனைப் பற்றி ஒன்றும் சொல்வதில்லை. சீனியில்லா ரெட் புல் டின்னிலும் அதே 80 மில்லிகிராம் இருக்கிறது. பச்சைக் குறியைக் கண்டு, இது பிள்ளைக்கு நல்லது என்று அம்மா ஒருவர் வாங்கிக் கொடுத்துவிட எல்லா வாய்ப்பும் உண்டு. ஐரோப்பிய ஒன்றியத்தில், லீற்றருக்கு 150 மில்லிகிராமுக்கு மேல் கஃபீன் உள்ள பானத்தில் கஃபீன் மிகுதி என்றும், சிறுவர், கர்ப்பிணிகள், பாலூட்டும் தாய்மாருக்கு உகந்ததல்ல என்றும், 100 மில்லிலீற்றருக்கு எவ்வளவு என்றும் ஒரே பார்வையில் தெரியும்படி எழுத வேண்டும் என்பது விதி. சீனிக்குரிய வட்டத்துக்குப் பக்கத்தில் கஃபீனுக்கும் அப்படியொரு குறி, மூன்று மொழிகளிலும், கண்ணில் படும் அளவில் இங்கே இருக்க வேண்டும்.

சிலருக்கு ஒப்பீடே தேவையில்லை

கர்ப்பிணிகள் டின்னை முழுவதுமாக ஒதுக்கிவிட்டு, மூன்று தேநீருக்குள் நிற்பது எளிய வழி. அதையும் சோற்றோடோ, கிளினிக்கில் தரும் இரும்புச்சத்து மாத்திரையோடோ சேர்க்காமல் ஒரு மணி நேரம் தள்ளிக் குடிக்க வேண்டும். தேயிலையின் தனின்கள் இரும்பை உடல் உறிஞ்சவிடாமல் தடுக்கின்றன. உயர் இரத்த அழுத்தம், இதயத் துடிப்பில் ஒழுங்கின்மை, பதற்ற நோய் உள்ளவர்களுக்கும் டின் வேண்டாம். 2015இல் மேயோ கிளினிக் நலமான இளைஞர்கள் 25 பேரிடம் செய்த ஆய்வில், 240 மில்லிகிராம் கஃபீன் கொண்ட ஒரேயொரு பெரிய சக்திப் பானத்துக்குப் பிறகு, கஃபீனில்லாப் பானத்தோடு ஒப்பிட, இரத்த அழுத்தம் தெளிவாகக் கூடியது. ஏற்கெனவே அழுத்தம் உயர்ந்தவர் அந்தச் சோதனையைத் தம் உடலில் செய்து பார்க்க வேண்டாம். ஆஸ்துமாவுக்கு தியோபிலின் எடுப்பவருக்கு அந்த மருந்தே கஃபீனின் நெருங்கிய உறவு. சிப்ரோபுளொக்சசின் என்ற நுண்ணுயிர்க்கொல்லி, கஃபீன் உடலை விட்டுப் போவதைத் தாமதப்படுத்தும். மருந்தாளரிடம் ஒரு சொல் கேட்டுக்கொள்வது நல்லது. விருந்துகளில் மதுவோடு இதைக் கலப்பது மிக மோசமான தெரிவு: வெறி ஏறியிருப்பதை உணரவிடாமல் கஃபீன் மறைப்பதால் இன்னும் குடிக்கவும், வாகனத்தை எடுக்கவும் துணிவு வரும். அமெரிக்காவில் 2010இல் கஃபீன் சேர்த்த மதுபானங்களை விற்ற நிறுவனங்களுக்கு அந்நாட்டு உணவு, மருந்து நிர்வாகம் எச்சரிக்கைக் கடிதம் அனுப்பியது இதனால்தான்.

குறைக்கத் தீர்மானித்தவர் ஒரே நாளில் நிறுத்தினால் பன்னிரண்டு முதல் இருபத்து நான்கு மணி நேரத்துக்குள் தலையிடி தொடங்கி, ஓரிரு நாளில் உச்சமடைந்து, ஒரு வாரம் வரை நீடிக்கலாம். நோன்பின் முதல் நாட்களில் பலருக்கு வரும் தலையிடியில் இதற்குப் பங்கு உண்டு. றமழானுக்கு இரண்டு வாரம் முன்பிருந்தே மூன்று நாளுக்கு ஒரு கோப்பை வீதம் குறைத்து வந்தால் அந்தத் துன்பம் பெருமளவு தணியும். நோன்பு திறந்தவுடன் வெறும் வயிற்றில் டின்னைத் திறக்காமல், முதலில் தண்ணீரும் கஞ்சியும் எடுத்து, தேநீரைப் பிறகு குடிப்பதே உடலுக்கு இதம்.

பல டின்களை ஒன்றன்பின் ஒன்றாகக் குடித்த ஒருவருக்கு விடாத வாந்தி, நெஞ்சுவலி, தாறுமாறான துடிப்பு, மயக்கம், வலிப்பு ஆகியவற்றில் எது வந்தாலும் தண்ணீர் குடித்துப் படுக்கச் சொல்லிக் காத்திருக்கக் கூடாது. ஏறத்தாழ 1,200 மில்லிகிராமை விரைவாக எடுத்தால் வலிப்பு போன்ற நச்சு விளைவுகள் வரக்கூடும். இலேசான உடலுக்கு அதற்கும் குறைவே போதும். 1990ஐ அழைத்து சுவசெரிய அம்புலன்ஸை வரவழையுங்கள். எத்தனை டின், என்ன அளவு, எத்தனை மணிக்கு, கூடவே என்ன மாத்திரை, மது இருந்ததா என்பவற்றை வைத்தியரிடம் மறைக்காமல் சொல்லுங்கள். வெற்று டின்களையும் கையோடு எடுத்துச் செல்லுங்கள், அவற்றில் அச்சிட்டுள்ள எண் அவருக்கு உடனே தேவைப்படும்.